நிலமில்லாத் திணை

பண்டைத் தமிழர் நிலத்தை ஐந்தாகப் பகுத்தனர் என்று பள்ளிப் பருவத்தில் கற்றோம். மலையும் மலை சார்ந்த இடமும் குறிஞ்சி என்று தொடங்கி, மணலும் மணல் சார்ந்த இடமும் பாலை என ஒப்பித்து முடித்தோம். தொல்காப்பியத்தைச் சற்று ஊன்றிப் படிப்பவருக்கு ஒரு வியப்புக் காத்திருக்கிறது. ஐந்திணைகளின் நடுவே நிற்கும் பாலைக்கு அந்நூல் நிலமே ஒதுக்கவில்லை. வேனிலையும் நண்பகலையும் தருகிறது. கள்ளியும், நீர் தேடி அலையும் யானையும், வழிப்பறி செய்யும் எயினரும் உலவும் அவ்வெப்ப வெளி, புலவர் உள்ளத்தில் எழுந்த நிலம்.

அது எங்கிருந்து வந்தது என்பதற்கு இளங்கோவடிகளிடம் விடை உண்டு. சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையில், மதுரை நோக்கி நடக்கும் கோவலனுக்கு வழி கூறும் முதிய மறையோன், முல்லையும் குறிஞ்சியுமே கோடை வெப்பத்தால் தம் நல்லியல்பை இழந்து பாலையாகத் திரிகின்றன என்கிறான். அவன் காட்டும் உவமைதான் நம்மைத் தடுத்து நிறுத்துகிறது: அரசனும் அவன் அலுவலரும் நெறி பிறழ்ந்தமையால் முறை கெட்ட நாட்டைப் போல என்கிறான். வெயிலைப் பற்றிய பேச்சில் ஆட்சி ஏன் வந்தது? கேட்டு நின்ற கோவலன் சின்னாட்களில் அத்தகைய முறைகேட்டாலேயே வெட்டுண்டான். மதுரையை எரித்துவிட்டு வையைக் கரையோடு மேற்கே நடந்த கண்ணகிக்கு, நம் கம்பம் பள்ளத்தாக்கின் தலைமாட்டில், கூடலூர் மலைமேல் கோட்டம் இருக்கிறது. சித்திரா பௌர்ணமியன்று மக்கள் மலையேறிச் செல்கின்றனர்.

அம்மலையடிவாரத்தில் வாழும் நமக்குப் பாலை தொலைதூரச் செய்தி எனத் தோன்றலாம். காமயகவுண்டன்பட்டியைச் சுற்றித் திராட்சைப் பந்தல்கள். 1832-இல் பிரெஞ்சுக் குருவானவர் ஒருவர் தமிழகத்திற்குக் கொணர்ந்ததாகச் சொல்லப்படும் பன்னீர் திராட்சை இங்கு ஆண்டு முழுவதும் காய்க்கிறது. 2023-இல் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. (பலிபீடத்தில் இரசக் கிண்ணத்தை ஏந்தும்போது அக்குருவானவரை எண்ணிக்கொள்வதில் நமக்கு ஒரு சிறு பெருமிதம் உண்டு.) ஆயினும் இப்பசுமை தானாக வந்ததன்று. மேற்கு மலை தென்மேற்குப் பருவமழையின் பெரும்பகுதியை அப்பாலேயே நிறுத்திவிடுகிறது. 1876 முதல் 1878 வரை தாது வருடப் பஞ்சம் மதுரைச் சீமையை வாட்டியது. அதன் பின்னரே, பென்னிகுக் கட்டி 1895-இல் திறக்கப்பட்ட பெரியாறு அணையின் நீர், மலையைக் குடைந்த சுரங்கம் வழியே இப்பக்கம் இறங்கியது. லோயர் கேம்ப்பில் அந்நீரே மின்சாரமும் ஆகிறது. நீர்த் திறப்பு குறைந்தால் வயலுக்கு நீர் குறையும், மின்சாரமும் குறையும்.

பந்தல்களில் பல, வாய்க்கால் எட்டாத மேட்டில் உள்ளன. அவை கிணற்றை நம்பியவை; கிணறோ மும்முனை மின்சாரத்தை நம்பியது. 2012-ஆம் ஆண்டின் மின்வெட்டை உழவர் எவரும் மறந்திருக்க மாட்டார். சென்னைக்கு வெளியே நாளில் பாதிக்கும் மேலாக மின்சாரம் இராது. வந்தாலும் அழுத்தம் குறைந்து மோட்டார் எரியும். காயில் கட்டி மீட்டு வருவதற்குள் கொடி வாடும். எப்போது வரும் என்று தெரியாமையால், வந்தவுடன் தானே ஓடும்படி இணைத்துவிட்டு உறங்கச் சென்றனர் பலர். நள்ளிரவில் மின்சாரம் வரும். மோட்டார்கள் ஒருசேர ஓடும். தேவைக்கு மேலும் நீர் இறையும். நிலையற்ற ஆற்றல் மனிதரைப் பதற்றம் கொள்ளச் செய்கிறது. பதற்றம் கொண்டவர் அளவு பார்ப்பதில்லை. பின்னர் மின்வெட்டு தணிந்தது. ஆழ்துளைக் கிணறுகளோ ஆழத்தில் ஒன்றையொன்று விஞ்சும் போட்டியை விடவில்லை.

அண்மையில் ஒரே வாரத்தில் இருவர் நம்மிடம் வந்தனர். "சாமி, புதுப் போர்ல தண்ணி நல்லா வந்திருக்கு, வந்து மந்திரிச்சுக் கொடுங்க" என்றார் ஒருவர். "மழைக்கு ஒரு பூசை வைக்கணும் சாமி, கெணறு வத்திப்போச்சு" என்றார் மற்றவர். இருவர் தோட்டத்திற்கும் இடையே ஒரு வரப்புதான். மந்திரித்தும் கொடுத்தோம், பூசையும் வைத்தோம். இரண்டு மன்றாட்டுகளும் ஒரே பீடத்தின்மேல் கிடந்தன. வற்றிய கிணற்றுக்கு வெயில் மட்டும் காரணமன்று என்பதை ஊரே அறியும். ஆனால் கோயிலில் மழையைப் பற்றி மட்டுமே பேசுவது அனைவருக்கும் வசதியாக இருக்கிறது.

திருப்பாடல் 107 செழிப்பான நிலம் உவர் நிலமானதற்குக் குடியிருந்தோரின் தீச்செயலைக் காரணமாகச் சொல்கிறது. திருப்பாடலாசிரியரும் இளங்கோவும் ஒருவரையொருவர் அறியார். வறண்ட நிலத்தைக் கண்டதும் இருவரும் மனிதரைத்தான் திரும்பிப் பார்த்தனர். எசாயாவின் திராட்சைத் தோட்டப் பாடலில், மழை பெய்யாதபடி மேகங்களுக்கு ஆண்டவர் கட்டளையிடுகிறார். நீதியை எதிர்பார்த்து இரத்தப்பழியைக் கண்டார் என்பதே அதற்குக் காரணம். முதல் ஆண்டு பொதுக்காலம் 27-ஆம் ஞாயிறன்று இது வாசிக்கப்படுகிறது. ஏழாம் வசனத்தோடு வாசகம் முடிந்துவிடும். பிறருக்கு இடமின்றி வயலோடு வயலைச் சேர்த்துக்கொள்வோருக்கு ஐயோ என்று எட்டாம் வசனம் தொடங்குகிறது.

வரும் வெள்ளியன்று அன்பியக் கூட்டத்தில் விவிலியப் பகிர்வுக்கு அந்த அதிகாரத்தையே எடுத்திருக்கிறோம், எட்டாம் வசனத்தையும் சேர்த்து. வரப்புக்கு இருபுறமும் உள்ள அவ்விருவரும் ஒரே அன்பியத்தைச் சேர்ந்தவர்கள்.