எறும்பும் பறவையும்

பிலிப்பினோ மொழியில் குழந்தைக்கு எழுத்தறிவிப்பது எளிது என்பர். ஓரளவு உண்மையே. 1940-இல் வெளிவந்த இலக்கணத்தில் லோப்பே கே. சாந்தோஸ் வகுத்த 'அபகாடா' 20 எழுத்துகளே கொண்டது. 1987-இல் அவை 28 ஆயின. எழுதியவாறே பெரும்பாலும் ஒலிக்கலாம்.

மணிலாவில் பணியின்பொருட்டு வாழ்ந்த நாட்களில், நாங்கள் இருவரும் ஞாயிறு பிற்பகல்களில் பங்கு மண்டபத்தில் சிறுவர்களின் வாசிப்புக்குத் துணைநின்றோம். அங்கே கையாண்டது, புலக்கான் மாகாணத்து ஊரொன்றின் பெயரால் வழங்கும் மாருங்கோ முறை. எழுத்தின் பெயர் முதலில் சொல்லப்படுவதில்லை, ஒலி மட்டுமே. ம், ஸ், அ என்னும் மூன்றொலியும் கைவந்ததுமே குழந்தை 'அமா' என்று வாசித்துவிடும். தந்தை என்பது பொருள். தன் வாயிலிருந்து ஒரு சொல் பிறந்துவிட்ட வியப்பு அம்முகத்தில் தோன்றுவதைக் காணக் கண் கோடி வேண்டும்!

நம் அரிச்சுவடியில் தனித்து நிற்கும் ஙகரம் அங்கே சொல்லுக்கு முதலாகவும் வரும். 'ஙிப்பின்' என்றால் பல். முன்பல் விழுந்த ஆறு வயதினர் அதைச் சொல்வது தனி அழகு.

1593-இல் மணிலாவில் அச்சான 'தொக்திரீனா கிறிஸ்தியானா' தகலோகு மொழியை உரோமன் எழுத்திலும் பழைய பைபாயின் எழுத்திலும் தந்தது. நம் மெய்யெழுத்தின் புள்ளி போன்ற குறி பைபாயினில் இல்லை. சொல்லிறுதி மெய்யை வாசிப்பவரே ஊகித்துக்கொள்ள வேண்டும். உரோமன் எழுத்து அக்குறையைத் தீர்த்தது. ஆயினும் அசையழுத்தம் இன்றும் வழக்கமாகக் குறிக்கப்படுவதில்லை. 'பாசா' என்னும் சொல் ஒருவகை ஒலிப்பில் வாசித்தலையும், மற்றொருவகையில் ஈரத்தையும் குறிக்கும். மொழியை முன்பே அறிந்த குழந்தைக்கு இது தடையன்று. அறியாத குழந்தைக்கு?

செபுத் தீவிலிருந்து வந்த குடும்பத்துச் சிறுமி ஒருத்தி எங்களிடம் வந்தாள். 'வாசிக்கத் தெரியாதவள்' என்று பள்ளியில் கடைசி வரிசைக்கு அனுப்பப்பட்டிருந்தாள். 'லங்கம்' என்ற சொல்லைப் பிழையின்றி வாசித்தாள். படங்களுள் பறவையைத் தொட்டாள். தகலோகில் அச்சொல் எறும்பு. அவள் வீட்டு மொழியான செபுவானோவில் பறவை. அவள் வாசித்ததில் என்ன பிழை? பள்ளியில் விழுந்த சிவப்புக் கோடு அவள் நாவுக்கா, அவள் தாயின் மொழிக்கா?

2013-ஆம் ஆண்டுச் சட்டம் தொடக்க வகுப்புகளில் தாய்மொழிவழிக் கல்வியைக் கொணர்ந்தது; 2024-ஆம் ஆண்டுச் சட்டம் அக்கட்டாயத்தை நீக்கியது. மணிலாவுக்குக் குடிபெயர்ந்த இத்தகைய பிள்ளைக்கு முந்தைய சட்டத்தாலும் பெரும்பயன் இல்லை. அங்கே வகுப்பின் தாய்மொழி தகலோகே.

அவள் அன்னையிடம் கேட்டுக்கேட்டு, ஒவ்வோர் அட்டையிலும் வீட்டுச் சொல்லையும் எழுதினோம். நான்கு ஞாயிறுகள் கழிந்தன. எறும்பு அட்டையைத் தன் வீட்டுக்கு எடுத்துச் சென்றவள், அவ்வெறும்புக்குச் சிறகுகள் வரைந்து கொணர்ந்து எங்கள் முன் வைத்தாள்.