வினோத் துவாவும் முடவாட்டுக்கால் சூப்பும்

வினோத் துவான்னு சொன்னா நம்மாளுங்கள்ல பாதிப் பேர், "பிரணாய் ராய்கூட உக்காந்து எலக்‌ஷன் ரிசல்ட் சொல்வாரே, அவரா?"ன்னு கேப்பாங்க. மீதிப் பேருக்கு ஆளையே தெரியாது. எனக்கு அவர் சாப்பாட்டுக்காரர். என்டிடிவி இந்தியாவில் வந்த 'ஸாய்க்கா இந்தியா கா'வை அரைகுறை இந்தியை வச்சுக்கிட்டு பார்த்தவன் நான். பைல் நாட்டுல உக்காந்து வடக்கத்திக் கடைவீதியைப் பார்த்து எச்சில் ஊற எதுக்கு இலக்கணம் :-)

மனுசன் வந்த பாதையே வேற. பிரிவினையில் தேரா இஸ்மாயில் கானிலிருந்து டெல்லிக்கு வந்த குடும்பம். பிறந்தது 1954. அகதிகள் குடியிருப்பில் வளர்ந்து ஹன்ஸ்ராஜ் கல்லூரியில் படிச்சவர். பாட்டு, பட்டிமன்றம், நாடகம்னு திரிஞ்சிருக்கார். குழந்தைகளுக்கு அவர் எழுதின நாடகங்களைப் பொம்மலாட்டக் குழு மேடையேத்தியிருக்கு. வரதட்சணைக்கு எதிரா தெரு நாடகம் போட்ட கூட்டத்திலும் இருந்தார். 1974ல தூர்தர்ஷனில் இளைஞர் நிகழ்ச்சி, 1981ல 'ஆப் கே லியே', 1984ல தேர்தல் அலசல், 1992ல 'பரக்' வார இதழ். 1996ல கோயங்கா விருது வாங்கினப்போ, டிவி பத்திரிகையாளர்ல அதை வாங்கின முதல் ஆள் அவர்தான். 2008ல பத்மஸ்ரீ.

இதுல எனக்கு முக்கியமாப் படுறது 1985ல வந்த 'ஜன்வாணி'. சாதாரண ஜனங்க மந்திரிகிட்ட நேருக்கு நேர் கேள்வி கேக்குற நிகழ்ச்சி. அதுவும் எங்கே? அரசாங்க டிவியில! தனியார் சேனலே இல்லாத காலத்துல. இன்னிக்கு நினைச்சாலும் நம்ப முடியலை.

சாப்பாட்டு நிகழ்ச்சியிலும் அந்தக் கேள்வி கேக்குற புத்தி போகலைன்னுதான் சொல்வேன். நான் பார்த்த பகுதிகள்ல அவர் மார்க் போட்டு நான் கண்டதில்லை. குர்தாவைப் போட்டுக்கிட்டுக் கடை வாசல்ல நின்னு சாப்பிடுவார். அடுப்புகிட்ட நிக்கிறவர்கிட்ட ஒரு பாட்டு வாத்தியார்கிட்டப் பேசுற மாதிரி பேசுவார். எத்தனை தலைமுறையா, என்ன விறகு, எந்த மசாலான்னு. நாக்கைச் சப்புக்கொட்டுறது அப்புறம்தான். மேடையையும் பாட்டையும் பழகின ஆள்ங்கிறதால வந்த மரியாதை அதுன்னு நினைக்கிறேன்.

அவரைப் புகழ்ந்தே எழுதிட்டுப் போனா நியாயம் இல்லை. 2018ல ஒரு ஆவணப்பட இயக்குநர் அவர் மேல பாலியல் தொல்லைப் புகார் சொன்னார். அவர் மறுத்தார். அது தீர்வு காணாமலே நின்னுபோச்சு. எனக்குப் பிடிச்ச ஆள்ங்கிறதுக்காக அந்தப் பக்கத்தைக் கிழிச்சுப் போட மாட்டேன். அப்புறம் 2020 மார்ச்சில் யூட்யூபில் பேசின பேச்சுக்கு இமாச்சலத்தில் தேசத்துரோக வழக்கு. 2021 ஜூன் 3ல உச்ச நீதிமன்றம் அதை ரத்து பண்ணிச்சு. சந்தோசப்பட நாள் கிடைக்கலை. அதே ஜூன்ல மனைவி, சின்னான்னு கூப்பிடுற டாக்டர் பத்மாவதி, கொரோனாவில் போனார். டிசம்பர் 4ல இவரும்.

இப்ப எங்க ஊருக்கு வர்றேன். எழுபது கொண்டை ஊசி வளைவு ஏறி அறப்பளீஸ்வரர் கோயில் பக்கம் வந்தா முடவாட்டுக்கால் சூப் கடைங்க. கேமராவைத் தூக்கிக்கிட்டு வாராவாரம் யாராவது வர்றாங்க. ஒரு மடக்கு குடிச்சு, கண்ணை மூடி, "வேற லெவல்!" முடிஞ்சது விமர்சனம். மூட்டுவலி போயிடும்னு ஒரு வரி உபரி. (போகுமான்னு என்னைக் கேக்காதீங்க.) அது பாறையிலயும் மரத்துலயும் ஒட்டி வளர்ற பெரணிக் கிழங்கு. எந்தப் பாறையில சுரண்டினது, மறுபடி வளர எவ்வளவு நாளாகும், பெயர்த்துக் கொண்டு வந்தவருக்கு என்ன கெடைச்சுதுன்னு கடைக்காரம்மாகிட்ட ஒருத்தராவது கேக்கணுமே! ஊஹூம்.

இன்னொண்ணு. மலைச் சாப்பாடுன்னு தேடி வர்றவங்களுக்குப் பரோட்டாதான் சுலபமாக் கெடைக்கும். சாமையும் தினையும் எங்கன்னு கேட்டா அது பெரிய கதை. எங்க காடுகள்ல பாதியை மரவள்ளி பிடிச்சுக்கிச்சு. கீழ சேகோ ஆலை கிழங்கை வாங்கிக்குது, காசு கைக்கு வருது. சாமைக்கு அப்படி ஒரு சந்தை இல்லை. அதைவிட, உமி நீக்குறது பொம்பளைங்க முதுகை ஒடிக்கிற வேலை. உலக்கையை எடுத்தவங்களுக்குத்தான் தெரியும். எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990கள்லயிருந்து இங்க வேலை செஞ்சு, தீட்டுற மில்லு வந்தப்புறம்தான் கொஞ்சம் மூச்சு விட்டாங்க. ஒரு தட்டுச் சோத்துக்குப் பின்னாடி இத்தனை கெடக்கு. துவா இந்த மலைக்கு வந்திருந்தா முதல் கேள்வியே உலக்கையைப் பத்தித்தான் கேட்டிருப்பார்னு எனக்கு ஒரு எண்ணம்.

பதிவர் சந்திப்பு முடிஞ்ச மறுநாளே கடைப் பதிவு போடுற கூட்டம்தானே நாம. மேல வர்றதா இருந்தா ரெண்டு நாள் முன்னாடி சொல்லுங்க. சாமையை மில்லுல குடுத்துத் தீட்டி வாங்கணும். தொட்டுக்க மொச்சைக் குழம்பு. பரோட்டா வேணும்னா கடைக்குப் போய்க்கங்க.