அழுகுன பக்கத்தை வெட்டிட்டு ஆப்பிளைச் சாப்பிடலாமா?

1/ கம்பம் பள்ளத்தாக்குல அரசு மருத்துவமனை ஓ.பி.யில உட்கார்ந்தா அடிக்கடி வர்ற கேள்வி இது. ஒரு வரியில பதில் சொல்லிடலாம். ஆனா கேக்குறவங்க யாருன்னு பார்த்தா அந்த ஒரு வரி பத்தாது. கொஞ்சம் நீளமான இழை, பொறுமையா படிங்க மக்களே.

2/ போன மாசம் ஒரு அக்கா வந்தாங்க. விடியக்காலம் ஜீப் ஏறி, கம்பம்மெட்டு வழியா ஏலத்தோட்ட வேலைக்குப் போறவங்க. மூணு வயசுப் பையனுக்கு ரெண்டு நாளா வயித்தால போகுது. "தெம்பு வரட்டும்னு ஆப்பிள் ஜூஸ் போட்டுக் குடுத்தேன் டாக்டரம்மா." கூறு கட்டி வித்த ஆப்பிள். அழுகுனதை வெட்டித் தள்ளிட்டு மிச்சத்தை அரைச்சிருக்காங்க.

3/ பேதிக்கு அந்த ஆப்பிள்தான் காரணம்னு சொல்ல மாட்டேன். ஜூஸுக்கு முந்தியே ஆரம்பிச்சிருச்சு. ஆனா இனிப்பு அதிகமான ஜூஸ் பேதியைக் கூட்டலாம். ஓ.ஆர்.எஸ்., 14 நாள் ஜிங்க், வழக்கமான சாப்பாடு. பையன் தேறிட்டான். அந்தக் கூறு ஆப்பிள்தான் என் மனசுல நின்னுச்சு.

4/ நம்ம கடைக்கு வர்ற இந்திய ஆப்பிள் பெரும்பாலும் காஷ்மீர், ஹிமாச்சல் பழம். ஆகஸ்ட்ல இருந்து அக்டோபர் வரைக்கும் பறிக்கிறாங்க. சித்திரையில நீங்க வாங்குறது ஆறேழு மாசம் குளிர்கிடங்குல இருந்த பழம். அதுல தப்பில்ல. 0 டிகிரியை ஒட்டி வெச்சு ஆக்சிஜனையும் குறைச்சா, பழம் மெதுவா மூச்சு விடும், கெடாம இருக்கும்.

5/ பிரச்சினை காயத்துல தொடங்குது. காம்பு குத்துனது, நகம் பட்டது, லாரியில அடிபட்டது. அந்த வழியாத்தான் 'பெனிசிலியம் எக்ஸ்பான்சம்'ங்கிற நீலப் பூஞ்சை உள்ள போகுது. கிடங்குக் குளிர்லயும் மெதுவா வளரும். முதல்ல கொழகொழன்னு ஒரு பழுப்பு வட்டம், அப்புறம் மேல நீலப்பச்சைப் பொடி. அந்தப் பொடி பூராம் பூஞ்சை வித்து. பக்கத்துப் பழத்துல காயம் இருந்தா அங்கயும் தொத்திக்கும்.

6/ "பூஞ்சையில இருந்துதானே பெனிசிலின் வந்துச்சு?"ன்னு ஒரு காலேஜ் தம்பி கேட்டார். ஒரே குடும்பம்தான். ஆனா இது தயாரிக்கிறது 'பாட்டுலின்'. இதையும் சளிக்கு மருந்தாக்கலாமான்னு 1940கள்ல பிரிட்டன்ல சோதிச்சாங்க. பலனில்லை. பிற்பாடு விலங்குகள்ல குடலைப் புண்ணாக்குதுன்னு தெரிஞ்சதும் நச்சுப் பட்டியல்ல சேர்ந்துச்சு. இன்னிக்கு ஆப்பிள் ஜூஸ்ல கிலோவுக்கு 50 மைக்ரோகிராமுக்கு மேல இருக்கக்கூடாதுங்கிறது இந்தியாவிலயும் விதி.

7/ வெட்டிட்டா போயிருமா? அழுகல்லதான் இது அதிகம். ஆனா ஒட்டி இருக்கிற நல்ல சதைக்கும் கொஞ்சம் பரவும். கொதிக்க வெச்சாலும் முழுசா அழியாது. ஜூஸ்தான் இன்னும் மோசம். கடிச்சுச் சாப்பிட்டா வாடை தெரிஞ்சு துப்பிருவோம். சக்கரை, பால், ஐஸ் சேர்த்து அரைச்சா ஒண்ணும் தெரியாது. ஒரு தடவை தெரியாம சாப்பிட்டதுக்குப் பதற வேண்டாம். பழக்கமாக்க வேண்டாம், அவ்வளவுதான்.

8/ வீட்டுக்கான விதிகள்:
• அடிபட்டுப் பழுப்பான இடம், சதை கெட்டி, பூஞ்சை வாடை இல்ல: வெட்டிட்டுச் சாப்பிடலாம்.
• கொழகொழப்பு, இல்ல பூஞ்சைப் பொடி: முழுப் பழமும் குப்பைக்கு.
• வெளியே பளபளப்பு, உள்ள விதைப் பக்கம் கருப்பு: அதுவும் குப்பைக்கு. அதனால குழந்தைக்கு முழுசா கொடுக்காம வெட்டிப் பார்த்துக் கொடுங்க.
• பாதி அழுகுனதுல ஜூஸ், மில்க்‌ஷேக், மசியல் எதுவும் வேண்டாம்.

9/ இதையெல்லாம் ஒரு பாட்டிகிட்ட சொன்னேன். "தூக்கிப் போடுன்னு சொல்றது லேசு தாயி. காசு யாரு தருவா?" நியாயமான கேள்வி. கூறு வாங்குறவங்க விவரம் இல்லாதவங்க இல்ல. ஆப்பிள்னா சத்து, நோயாளியைப் பார்க்கப் போனா ஆப்பிள்தான் மரியாதைன்னு ஊரே நம்புது. முழு விலைக்கு வாங்க முடியாதவங்க கூறு வாங்குறாங்க.

10/ அதனால என் பதில் "தூக்கிப் போடு"வோட நிக்கிறதில்ல. அதே காசுக்கு நல்ல வாழைப்பழமோ கொய்யாவோ வாங்குங்க. கொய்யாவுல வைட்டமின் சி ஆப்பிளை விடப் பல மடங்கு. வாழை நம்ம தேனி மாவட்டத்துலயே விளையுது. பழுத்த வாழைத்தோல்ல வர்ற கருப்புப் புள்ளியைப் பார்த்துப் பயப்படாதீங்க. சதை கெட்டியா, வாசனையா இருந்தா சாப்பிடலாம். கசிஞ்சு புளிச்ச வாடை வந்தா மட்டும் வேண்டாம். (சிறுநீரக நோயாளிகள் வாழைப்பழத்துக்கு முன்னாடி டாக்டரைக் கேளுங்க.)

11/ 2023ல புவிசார் குறியீடு வாங்கின நம்ம பன்னீர் திராட்சைக்குத் தோல் மெல்லிசு. வெடிச்ச பழத்துல பூஞ்சை சீக்கிரம் ஏறும். வாங்குன அன்னிக்கே வெடிச்சதைக் கிள்ளி எடுத்துருங்க. கழுவி வைக்காதீங்க, சாப்பிடும்போது கழுவுங்க.

12/ பழக்கடை அண்ணன்களுக்கு ஒரு வேண்டுகோள். கூறு கட்டும்போது கொழகொழத்ததை மட்டும் எடுத்துப் போட்டுருங்க. அந்தக் கூறு பெரும்பாலும் ஒரு குழந்தைக்குத்தான் போகுது.