502-ஐ விட 478 பெரிது

பி.காம். படித்தவனிடம் போய் 502 பெரிதா, 478 பெரிதா என்று கேட்டுப் பாருங்கள். முறைப்பான். நானும் முறைக்கிற ஜாதிதான், 2010 ஜூன் 24-ம் தேதி வரைக்கும்.

அப்போது திருவல்லிக்கேணி மேன்ஷன் வாசம். பத்துக்கு எட்டு ரூமில் மூன்று பேர். சி.ஏ. பரீட்சை எழுதிவிட்டு ரிசல்ட்டுக்காகக் காத்திருந்தேன். கீழே மேனேஜர் மேஜைக்கு மேல் ஒரே ஒரு டி.வி. அதில் உலகக் கோப்பை கால்பந்து. இடைவேளை விட்டால் போதும், ரிமோட் வைத்திருப்பவரைக் கெஞ்சிக் கூத்தாடி விம்பிள்டனுக்கு மாற்றச் சொல்வேன்.

முதல் ரவுண்டு ஆட்டம். அமெரிக்காவின் ஜான் இஸ்னர், பிரான்ஸின் நிகோலா மஹூ. செவ்வாய்க்கிழமை சாயந்திரம் ஆரம்பித்து, ஆளுக்கு இரண்டு செட் ஆனதும் இருட்டிவிட்டது. புதன்கிழமை ஐந்தாவது செட். மற்ற செட்டுகளில் 6-6 ஆனால் டை-பிரேக் வைத்துக் கதையை முடித்துவிடுவார்கள். கடைசி செட்டுக்கு மட்டும் அன்றைக்கு விம்பிள்டனில் அந்தச் சலுகை கிடையாது. ஒருத்தர் இரண்டு கேம் முன்னால் போகும்வரை ஆடியே தீரவேண்டும்.

போனால்தானே! 20-20. மெஸ்ஸில் சாப்பிட்டுவிட்டு வந்தால் 30-ஐத் தாண்டியும் சமம். 47-47-ல் ஸ்கோர் போர்டே நின்றுவிட்டது. அதற்கு மேல் எண்ண அதற்கு யாரும் சொல்லித் தரவில்லையாம்! 59-59-ல் அங்கே மறுபடி இருட்டு. இங்கே ராத்திரி ஒன்றரை மணிக்கு மேல்.

"ஏலே, இதுல ஜெயிக்கணும்னு யாருக்காவது ஆசை இருக்கா, இல்லையா?" என்றான் திருநெல்வேலி ரூம்மேட்.

வியாழக்கிழமை 70-68 என்று இஸ்னர் ஜெயித்தார். மூன்று நாளில் மொத்தம் 11 மணி 5 நிமிஷம் ஆடியிருந்தார்கள். பிறகு புள்ளிகளைக் கூட்டிப் போட்டார்கள். மஹூ 502. இஸ்னர் 478. இருபத்துநாலு அதிகம் எடுத்தவர் தோற்றுவிட்டார்!

டென்னிஸின் கணக்குப் புத்தகமே அப்படி. இங்கே 'கேரி ஃபார்வர்டு' கிடையாது. எதிராளிக்கு ஒரு புள்ளிகூடக் கொடுக்காமல் ஜெயித்தாலும் ஒரு கேம்தான், பத்து தடவை ட்யூஸ் ஆகி மூச்சு வாங்க ஜெயித்தாலும் ஒரு கேம்தான். மூன்று செட் ஆட்டத்தில் 0-6, 7-6, 7-6 என்று ஜெயித்தவர் எடுத்தது 14 கேம், தோற்றவர் எடுத்தது 18. பக்கம் முடிந்தால் மீதியைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதுப் பக்கம்.

2019 விம்பிள்டன் ஃபைனலிலும் இதே கூத்து. ஃபெடரர் 218 புள்ளி, ஜோகோவிச் 204. கோப்பை ஜோகோவிச்சுக்கு. நடந்த மூன்று டை-பிரேக்கையும் அவர் ஜெயித்துவிட்டார், அவ்வளவுதான்.

இருக்கட்டும், என் கதைக்கு வருகிறேன். 2010 ஜூலையில் ரிசல்ட் வந்தது. சி.ஏ.வில் மொத்தத்தில் 50 சதவீதம் வேண்டும், ஒவ்வொரு பேப்பரிலும் 40-ம் வேண்டும். மொத்தம் தாண்டிவிட்டேன். ஒரு பேப்பரில் 38.

சாத்தூரில் அப்பாவுக்கு மளிகைக்கடை. ராத்திரி கல்லாவை எண்ணி மொத்தம் சரியாக இருந்தால் நிம்மதியாகத் தூங்கிவிடுகிற மனுஷர். போனில், "மொத்தம் வந்துருச்சுல்ல? அப்புறம் என்னடா?" என்றார். அவருக்கு அந்த 38-ஐ எப்படிப் புரியவைப்பது?

அடுத்த தடவை அதே பேப்பரில் 61. மொத்தம் காலை வாரியது. சி.ஏ.வில் ஒரு சௌகரியம், எத்தனை தடவை வேண்டுமானாலும் எழுதலாம். அதுதான் ஆபத்தும். அதற்கும் டை-பிரேக் கிடையாது!

டை-பிரேக்கைக் கண்டுபிடித்தவர் ஜிம்மி வான் ஆலன் என்கிற அமெரிக்கர். இழுத்துக்கொண்டே போகும் ஆட்டங்கள் அவருக்குப் பிடிக்கவில்லை. 1969-ல் விம்பிள்டனில் 41 வயது பாஞ்சோ கோன்சாலஸ், சார்லி பசரெல்லோடு இரண்டு நாளாக 112 கேம் ஆடி ஜெயித்தார். முதல் செட் மட்டும் 22-24. அடுத்த வருஷமே யு.எஸ். ஓப்பனில் டை-பிரேக் நுழைந்தது. 1971-ல் விம்பிள்டனும் ஏற்றுக்கொண்டது, கடைசி செட்டைத் தவிர. 2019-ல்தான் அதற்கும் 12-12-ல் ஒரு பூட்டு. 2022-ல் நான்கு பெரிய போட்டிகளுக்கும் ஒரே சட்டம்: கடைசி செட் 6-6 ஆனால் பத்துப் புள்ளி டை-பிரேக். இனி 70-68 வரவே வராது.

எனக்கு அப்படிப் பூட்டுப் போட யாரும் இல்லை. 2016 ஜூலையில் ஒன்பதாவது ரிசல்ட். நானே பூட்டைப் போட்டுவிட்டு சாத்தூருக்குப் பஸ் ஏறினேன். அப்பாவிடம் நேராகச் சொல்ல நாக்கு எழவில்லை. கடையில் உட்கார்ந்து மஹூ கதையைச் சொன்னேன். பருப்பு நிறுத்துக்கொண்டே முழுசும் கேட்டார்.

"கூட்டிப் பார்த்தா அவன்தானேடா ஜெயிச்சிருக்கான்?"

"ஆட்டத்துல அது செல்லாதுப்பா."

கொஞ்ச நேரம் பேச்சில்லை. பொட்டலம் மடித்து நூல் சுற்றினார்.

"இப்ப என்ன பண்றான் அவன்?"

"போன வாரம் விம்பிள்டன் டபுள்ஸ்ல கப்பு வாங்கினாம்ப்பா."

"அப்ப சரி. வேற ஆட்டம் இருக்குல்ல" என்றவர், கணக்கு நோட்டை என் பக்கம் தள்ளினார். "இந்த மாசம் 18 ரூவா இடிக்குது. என்னன்னு பாரு."

வித்தியாசம் 9-ஆல் வகுபட்டால் இலக்கம் இடம் மாறியிருக்கலாம் என்பது எங்கள் தொழிலின் பாலபாடம். பத்து நிமிஷத்தில் பிடித்துவிட்டேன். ஒரு பக்கத்தில் 53 ரூபாய், அடுத்த பக்கத்தில் 35 ஆகியிருந்தது.

அப்பா கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பார்த்தார்.

"இதுக்கு எத்தனை மார்க்குடா குடுப்பாங்க?"