அடுத்த கை

எங்கள் கிளையில் ஒரு மத்தியானம் கம்ப்யூட்டர்கள் நின்றுவிட்டன. சுவிட்சைப் பார்க்க வந்த பையனிடம் பேச்சுக் கொடுத்தேன். அதிலிருந்து ஈதர்நெட் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன்.

1973இல் ஜெராக்ஸின் பாலோ ஆல்டோ ஆராய்ச்சி மையத்தில் ராபர்ட் மெட்காஃப் முதலியோர் அதை உருவாக்கியபோது எல்லா இயந்திரங்களும் ஒரே கேபிளில். ஒன்று பேசினால் எல்லாம் கேட்கும். உரியது மட்டும் எடுத்துக்கொள்ளும். இன்று நடுவில் சுவிட்ச். அனுப்புகிறவர்களின் முகவரியைப் பார்த்தே யார் எந்த வாசலில் என்று அது கற்றுக்கொள்கிறது. பெறுபவர் யாரென்று தெரியாவிட்டால், வந்த வாசல் தவிர எல்லா வாசலிலும் போட்டுவிடும்.

செய்தி போகும் உறைக்கு ஃப்ரேம் என்று பெயர். முதல் 6 பைட் பெறுபவரின் மாக் முகவரி, அடுத்த 6 அனுப்புபவருடையது. ரௌட்டரைத் தாண்டும்போது உறையைக் கிழித்துப் புது உறை போடுகிறார்கள். போய்ச்சேர வேண்டிய ஊர் உள்ளே ஐ.பி. முகவரியாக இருக்கிறது. உறைக்குத் தெரிந்தது அடுத்த கை மட்டும்.

கடைசி 4 பைட் சரிபார்ப்புக்கு. கணக்கு ஒத்துவராவிட்டால் ஃப்ரேமைச் சத்தமில்லாமல் எறிந்துவிடுவார்கள். அனுப்பியவனுக்குத் தகவல் கிடையாது. திரும்பும் செக்கோடு காரணம் எழுதி மெமோ வைக்கிற எனக்கு இது உறுத்தியது.

மூன்று வருஷம் முன்பு நண்பன் ஒருவனின் தொகுதியைப் பற்றிக் கடுமையாக எழுதினேன். அவனிடமிருந்து பதில் இல்லை. பிழையைத் தாங்காதவன் என்று நினைத்திருந்தேன். சென்ற வாரம் கட்டுரையைத் திரும்பப் படித்தேன். பிழை ஏதுமில்லை. ஆனால் முதல் வரியிலிருந்தே அது, வேடிக்கை பார்த்த மற்றவர்களுக்கு எழுதியது. தன் முகவரி இல்லாததை எவன் பிரித்துப் படிப்பான்?

தபால் கார்டு ஒன்று வாங்கி வைத்திருக்கிறேன். முகவரி மட்டும் எழுதியாயிற்று.