சோதனையில் தொடங்கும் பாடம்

நுழையும்முன்

மென்பொருள் உருவாக்குவோர் தம் பணியைச் செம்மைப்படுத்திக்கொள்ளக் கண்ட முறைகளுள் ஒன்று ‘எக்ஸ்ட்ரீம் புரோகிராமிங்’. யாப்பின் அசைகளைப் பிரிக்கும் சிறு நிரல் ஒன்றின் வழியாக அம்முறையைக் கற்ற தமிழாசிரியர் ஒருவரின் பட்டறிவை இக்கட்டுரை எடுத்துரைக்கிறது.

மூன்றாவது செய்தி

2020ஆம் ஆண்டு ஊரடங்கின்போது எங்கள் வீட்டுக் கூடம் இரண்டு பணியிடங்களாக மாறியது. ஒரு மூலையில் கைப்பேசியைச் சுவரில் சாய்த்து வைத்துப் பதினோராம் வகுப்புக்கு நான் தமிழ்ப்பாடம் நடத்தினேன். மறுமூலையில், மென்பொருள் நிறுவனமொன்றில் பணியாற்றும் என் மகள் மடிக்கணினியின் முன் அமர்ந்திருந்தாள். நாள்தோறும் காலை பத்து மணிக்கு அவள் எழுந்து நிற்பாள். திரையில் தோன்றும் ஏழெட்டுப் பேரும் முறைவைத்துப் பேசுவர். கால் மணி நேரத்திற்குள் அந்த நிற்கும் கூட்டம் முடிந்துவிடும்.

சில நாள்களிலேயே அப்பேச்சின் அமைப்பு எனக்குப் பிடிபட்டது. ஒவ்வொருவரும் மூன்று செய்திகளை மட்டுமே கூறினர். நேற்று செய்தது என்ன? இன்று செய்யப்போவது என்ன? இடையில் நிற்கும் தடை என்ன? ஒருநாள், “இப்பகுதி எனக்கு விளங்கவில்லை” என்று என் மகள் பலரறியக் கூறினாள். கேட்டவர் எவரும் சிரிக்கவில்லை. “பதினொரு மணிக்கு இருவரும் சேர்ந்து பார்ப்போம்” என்றார் ஒருவர். விளங்காததை விளங்கவில்லை என்று சொல்வதற்கென்றே நாள்தோறும் நேரம் ஒதுக்கியிருந்தது எனக்கு வியப்பளித்தது. அன்று மாலை அதைப் பற்றி அவளிடம் கேட்டேன்.

அருவி முறையும் அதன் பின்னும்

மென்பொருள் ஆக்கத்தில் நெடுங்காலம் வழங்கிவந்தது ‘அருவி முறை’. தேவைகளைத் தொகுத்தல், வடிவமைத்தல், நிரல் எழுதுதல், சோதித்தல், ஒப்படைத்தல் என ஒரு கட்டம் முடிந்த பின்னரே அடுத்த கட்டம் தொடங்கும். விழுந்த நீர் மேலேறாததுபோல, கடந்த கட்டத்திற்குத் திரும்புவது அதில் அரிது. 1970ஆம் ஆண்டில் வின்ஸ்டன் ராய்ஸ் என்னும் அமெரிக்கப் பொறியாளர் இத்தகைய கட்டங்களைத் தம் கட்டுரையில் வரைந்து காட்டினார். சோதனை இறுதியில் மட்டும் வருவது இடர் மிகுந்தது என்று அவரே எச்சரித்திருந்தார். அவர் வரைந்த படம் பரவிய அளவிற்கு அவருடைய எச்சரிக்கை பரவவில்லை.

1996ஆம் ஆண்டில், அமெரிக்காவின் கிரைஸ்லர் மகிழுந்து நிறுவனத்தில் தேங்கி நின்ற ஊதியக் கணக்கு மென்பொருள் திட்டத்தைச் சீர்செய்யக் கென்ட் பெக் என்பவர் அழைக்கப்பட்டார். ரான் ஜெஃப்ரீஸ் முதலிய தோழர்களுடன் அவர் அங்கு வகுத்துக்கொண்ட பழக்கங்களே எக்ஸ்ட்ரீம் புரோகிராமிங் எனப் பெயர் பெற்றன. 1999இல் அவர் அவற்றை நூலாக எழுதினார்.

‘எக்ஸ்ட்ரீம்’ என்பது இங்கு ஒரு நற்பழக்கத்தை அதன் எல்லைவரை கொண்டுசெல்வதைக் குறிக்கும். ஒருவர் எழுதிய நிரலை மற்றொருவர் பார்வையிடுவது நல்லதெனில், எப்போதும் இருவர் சேர்ந்தமர்ந்து ஒரே கணினியில் எழுதலாம். சோதிப்பது நல்லதெனில், நிரலை எழுதுமுன்பே சோதனையை எழுதிவிடலாம். பயன்படுத்துவோரின் கருத்து வேண்டுமெனில், அவரையே குழுவின் நடுவில் அமர்த்திக்கொள்ளலாம்.

2001ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம், இவ்வகை முறைகளைப் பின்பற்றிய பதினேழு பேர் யூட்டா மாநிலத்தின் ஸ்னோபேர்ட் என்னும் மலைவாழிடத்தில் கூடினர். தம் பொதுக்கொள்கையை ஓர் அறிக்கையாக்கி அதற்கு ‘அஜைல்’ எனப் பெயரிட்டனர். விரைந்து வளைந்துகொடுக்கும் தன்மை என அச்சொல்லுக்குப் பொருள் கொள்ளலாம். இயங்கும் மென்பொருளையும் மனிதர்களுக்கிடையிலான உரையாடலையும் மாற்றத்தை ஏற்கும் மனத்தையும் அவர்கள் முதன்மையாகக் கருதினர்.

“இதையெல்லாம் கேட்டு அறிந்துகொள்ள முடியாது, அம்மா. செய்து பார்ப்போமா?” என்றாள் மகள்.

முதலில் வினா, பின்னர் விடை

அசை பிரிக்கும் நிரல் ஒன்றை எழுதுவதென முடிவு செய்தோம். இலக்கணம் அறிந்த நான் வாடிக்கையாளர். பைத்தான் மொழி அறிந்த அவள் நிரலாளர். சீர், தளை, தொடை, வெண்பாவின் ஈற்றுச்சீர் என என் விருப்பப் பட்டியல் நீண்டது. அவள் சிறு அட்டைகளை என் முன் வைத்து, அட்டைக்கு ஒரு தேவையாக எழுதச் சொன்னாள். அவற்றுள் இரண்டை மட்டும் எடுத்துக்கொண்டு, “இன்றைக்கு இவை போதும்” என்றாள். இன்று வேண்டாததை இன்று கட்டக்கூடாது என்பது இம்முறையின் எளிமை.

முதல் அட்டை எழுத்துகளைப் பற்றியது. நாம் ஒரே எழுத்தாகக் காணும் ‘கா’வை யூனிகோடு முறையில் கணினி இரண்டு குறிகளாகச் சேமிக்கிறது, ‘க’ ஒன்று, கால் மற்றொன்று. அவற்றைக் கூட்டி ஓர் எழுத்தாக எண்ண நிரலுக்கு முதலில் கற்பித்தோம். இரண்டாம் அட்டை அசையைப் பற்றியது. நிரலின் ஒரு வரிகூட எழுதுமுன், எதிர்பார்க்கும் விடையை என்னிடம் கேட்டாள். ‘அம்மா’ என்றால் நேர் நேர். ‘மாணவன்’ என்றால் நேர் நிரை. ‘விளக்கு’ என்றால் நிரை நேர். இவற்றைச் சோதனைகளாக எழுதி இயக்கினாள். திரையில் சிவப்பு வரி தோன்றியது.

“தவறிவிட்டதே!” என்றேன்.

“நிரலே இன்னும் எழுதவில்லையே. சிவப்பில்தான் தொடங்க வேண்டும்” என்றாள்.

கென்ட் பெக்கும் எரிக் காமாவும் 1997இல் சூரிக்கிலிருந்து அட்லாண்டாவிற்கு விமானத்தில் சென்றபோது, அருகருகே அமர்ந்து ‘ஜேயூனிட்’ என்னும் சோதனைக் கருவியை எழுதினர். சோதனை தோற்றால் சிவப்பு, வென்றால் பச்சை என்னும் வழக்கம் அதன்வழிப் பரவியது. முப்பது ஆண்டுகளாக நான் கையாண்ட சிவப்பு மை, பணி முடிந்தபின் வழங்கும் தீர்ப்பாக இருந்தது. இங்கே சிவப்பு, பணி எங்கே தொடங்க வேண்டும் என்பதைக் காட்டியது.

விசைப்பலகையை மாறி மாறிக் கையாண்டோம். ஒருவர் எழுத, மற்றவர் அடுத்த அடியை எண்ணிப் பார்த்தோம். “இரண்டு குறில்கள் இணைந்து வந்தால் நிரை, மற்றவை நேர், ஒற்று வந்தால் முன்னுள்ள அசையோடு சேரும்” என்றேன். அவள் அவ்வாறே எழுதினாள். எல்லாச் சோதனைகளும் பச்சையாயின. “இன்னும் ஒரு சொல் கொடு, அம்மா” என்றாள். சுவரில் தொங்கிய பள்ளி ஆண்டு விழாப் படத்தைப் பார்த்துக்கொண்டே ‘விழா’ என்றேன். நிரல், நேர் நேர் என்றது.

“தவறு. வி குறில், ழா நெடில். இரண்டும் சேர்ந்து நிரை. இதுகூடத் தெரியாதா?” என்றேன்.

“அம்மா, நீ சொன்னபடிதானே எழுதினேன்?” என்றாள்.

பழைய விடைத்தாள்

அத்தொடரை நான் முன்பும் ஒருமுறை கேட்டிருக்கிறேன். சில ஆண்டுகளுக்கு முன், அரையாண்டுத் தேர்வு முடிந்த வாரத்தில், மாணவி ஒருத்தி விடைத்தாளுடன் ஆசிரியர் அறைக்கு வந்தாள். எங்கள் பள்ளியில் தமிழாசிரியையை ‘அம்மா’ என்றே அழைப்பர். “அம்மா, நீங்கள் சொன்னபடிதானே எழுதினேன்?” என்று கேட்டாள். அலகிட்டு வாய்பாடு எழுதும் வினாவில் அவளுக்கு ஒரு மதிப்பெண்ணும் கிடைக்கவில்லை. “புத்தகத்தை ஒழுங்காகப் படி” என்று சொல்லி அனுப்பினேன்.

குறிலும் நெடிலும் இணைந்து வந்த இடங்களில் மட்டுமே அவள் பிழை செய்திருந்தாள். ‘நிலா’, ‘கனா’ போன்றவற்றையெல்லாம் நேர் நேர் என்று பிரித்திருந்தாள். இரு குறில்கள் வந்த இடங்களில் பிழையே இல்லை. அதைக் கண்ணால் கண்டும் நான் கருதிப் பார்க்கவில்லை. மதிப்பெண்ணை மட்டும் கூட்டினேன். ‘இரண்டு குறில் என்றால் நிரை’ என்று முதல்நாள் வகுப்பில் நான் சொன்ன சுருக்கத்தை அவள் முழு இலக்கணமாக நம்பியிருக்கிறாள். நிரல் செய்ததும் அதுவே. நிரலின் பிழை சில நிமிடங்களில் வெளிப்பட்டது. அம்மாணவியின் பிழையோ ஜூன் முதல் டிசம்பர் வரை அவளுடனேயே இருந்தது. அது அவளுடைய பிழையும் அன்று, என்னுடையது.

மகளிடம் இதைச் சொன்னேன். அவள் சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, ‘விழா’வை ஒரு சோதனையாக எழுதிச் சேர்த்தாள். ஒருமுறை கண்ட பிழை இனி ஒருபோதும் மறைந்து திரும்பாதிருக்க அதுவே வழி என்றாள். நிரலைத் திருத்தி, பழைய சோதனைகள் அனைத்தையும் மீண்டும் இயக்கினோம். புதிய திருத்தம் பழையதைக் கெடுக்கவில்லை என்று பச்சை வரி உறுதி கூறியது.

அத்துடன் அவள் நிறுத்தவில்லை. பயன் மாறாமல் அமைப்பை மட்டும் எளிதாக்கும் ‘ரீஃபாக்டரிங்’ என்னும் மறுசீரமைப்பைத் தொடங்கினாள். நேரசைக்கு நான்கு, நிரையசைக்கு நான்கு என நான் எப்போதும் எழுதிப்போடும் எட்டு விதிகளையும் இருவரும் உற்றுநோக்கினோம். அவை ஒரே வினாவில் அடங்கின. அசையின் முதலெழுத்து குறிலாக இருந்து, அதனை அடுத்து ஒற்று அல்லாத எழுத்து வருகிறதா? வந்தால் நிரை, வாராவிடில் நேர். தொடரும் ஒற்றுகள் எத்தனையாயினும் அந்த அசையையே சேரும். ‘வாழ்க்கை’ என்பதில் அடுத்தடுத்து வரும் இரண்டு ஒற்றுகளும் இவ்வினாவிலேயே தீர்ந்தன. எட்டையும் கற்பித்த எனக்கு அந்த ஒன்று அதுவரை புலப்பட்டதில்லை.

துணிவும் மதிப்பும்

எம்முறையும் வெற்றிக்கு உறுதியளிப்பதில்லை. எக்ஸ்ட்ரீம் புரோகிராமிங் பிறந்த கிரைஸ்லர் திட்டமே 1997இல் ஏறத்தாழ 10,000 பேருக்கு ஊதியம் கணக்கிடத் தொடங்கி, 2000ஆம் ஆண்டில் நிறுத்தப்பட்டது. நாள்தோறும் கூடி நின்றாலும், அச்சம் நிலவும் குழுவில் எல்லாரும் ‘தடை ஏதுமில்லை’ என்றே சொல்வர் என்பாள் மகள். உரையாடல், எளிமை, பின்னூட்டம், துணிவு என்னும் நான்கு பண்புகளைத் தம் நூலின் முதற்பதிப்பில் கூறிய பெக், 2004இல் வந்த இரண்டாம் பதிப்பில் ஐந்தாவதாக மதிப்பு என்பதைச் சேர்த்தார். தன்னை மதிப்பவர் நடுவில்தான் ஒருவருக்குத் ‘தெரியவில்லை’ என்று சொல்லும் துணிவு பிறக்கும்.

பள்ளி மீண்டும் திறந்தபின், என் வகுப்பில் சிலவற்றை மாற்றினேன். பாடவேளையின் முடிவில் ஐந்து சொற்கள், மதிப்பெண் இல்லை, இருவருக்கு ஒரு தாள். முதல் வாரம் ஒருவர் எழுத, மற்றவர் வேடிக்கை பார்த்தார். சொல்லுக்குச் சொல் எழுதுகோல் கைமாற வேண்டும் என்று விதித்தபின் நிலை மாறியது. வகுப்பில் இரைச்சல் கூடியது. பாடம் நகரும் வேகம் சற்றுக் குறைந்தது. ஆயினும், யாருக்கு எது விளங்கவில்லை என்பது எனக்கு அன்றன்றே தெரிந்தது.

ஒருநாள், ‘உங்களுக்குள்ள தடை என்ன?’ என்று கேட்டபோது, கடைசி இருக்கையிலிருந்து ஒரு மாணவன் கையுயர்த்தினான். “அம்மா, சொல்லின் நடுவில் வரும் ஐகாரத்தைக் குறிலாகக் கொள்வதா, நெடிலாகக் கொள்வதா?” என்றான். அன்றைய பாடத்தை ஐகாரக்குறுக்கத்திலிருந்து தொடங்கினேன்.

மாலையில் வீடு திரும்பியதும் மகளிடம் புதிய அட்டையொன்றை நீட்டினேன். ‘வேலையில்’ என்னும் சொல்லுக்கு, இடையில் வரும் ஐகாரம் குறுகுவதால், நேர் நிரை எனச் சோதனை எழுதினோம். நிரல், நேர் நேர் நேர் என்றது. திரையில் சிவப்பு வரி தோன்றியது. இருவரும் நாற்காலிகளை அருகே இழுத்துப்போட்டு அமர்ந்தோம்.