ஊதாங்குழல்

"பீடி, சிகரெட் பழக்கம் உண்டா?" என்று மருத்துவர் கேட்டார். சிரிப்புதான் வந்தது. 12 வயதில் ஊதாங்குழலைக் கையில் எடுத்தவள் நான். 30 வருடம் விறகடுப்பு. சோறு எல்லோருக்கும் போனது. புகை எனக்குள் போனது. அடுப்பைப் பற்றி அவர் கேட்கவில்லை, நானேதான் சொன்னேன். சோதித்துவிட்டு, சி.ஓ.பி.டி. என்றார்.

இன்ஹேலரைக் குலுக்கி, மூச்சை முழுக்க வெளியே விட்டு, அமுக்கியபடி மெதுவாக இழுத்து, 10 எண்ணும்வரை அடக்க வேண்டும். கையும் மூச்சும் ஒத்துவராததால் ஸ்பேசர் குழாயும் தந்தார்கள். சால்புடமால் சில நிமிடத்தில் மூச்சுக்குழாயைத் தளர்த்தும். நாலைந்து மணி நேரம் தாங்கும். கெட்ட நுரையீரலைத் திருப்பித் தராது.

"நாலு பேர் முன்னாடி எடுக்காதே. பொண்ணுக்கு வரன் பார்க்கணும்" என்றார் மாமியார். இரண்டு வருடம் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு இழுத்தேன்.

போன தையில் ஒரு கல்யாணப் பந்தியில் மூச்சு முட்டியது. எழுந்து போக முடியவில்லை. பையைத் திறந்து, இலை முன்னாலேயே இழுத்தேன். யாரும் எழுந்து போகவில்லை. பக்கத்து இலைக்காரம்மா மட்டும் மெல்லக் கேட்டார்:

"எனக்கும் இப்படித்தான் இரைக்குது. எந்த டாக்டர்கிட்ட காட்டுனீங்க?"